தண்ணீரைத் திருடிய படம்: எடுத்தவர்கள், நடித்தவர்கள், பார்த்தவர்கள்

உதவி இயக்குநர், தண்டையார்பேட்டை

வியாசர்பாடி மொட்டைமாடியில் போட்டுக் காட்டிய படத்தைப் பற்றி நிறைய பேர் கேட்கிறீர்கள். அதில் நான் உதவி இயக்குநர். சாப்பாடு, ஆட்டோ வாடகை, வேடிக்கை பார்க்க வருகிற கூட்டம் எல்லாமும் என் பொறுப்புதான். சின்னப் படத்தில் அப்படித்தான் இருக்கும். எடுத்த விதத்தை நான் சொல்கிறேன். கூட இருந்தவர்களும் பார்த்தவர்களும் உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்.

கதை இன்னும் நாற்பது ஐம்பது வருடம் கழித்து நடக்கிறது. நகரத்தின் தண்ணீர் முழுக்க ஒரே கம்பெனியின் கையில். மணிக்கட்டில் பதித்த சிப்பைக் காட்டினால்தான் குழாய் திறக்கும். நாலு பேர் சேர்ந்து அந்தத் தண்ணீரைக் கொள்ளையடிக்கத் திட்டம் போடுகிறார்கள். இயக்குநருக்கு இது தோன்றியது 2019 கோடையில். பூண்டி, சோழவரம், புழல், செம்பரம்பாக்கம் நாலும் வறண்டு கிடந்த நேரம். ஜூலையில் ஜோலார்பேட்டையிலிருந்து வில்லிவாக்கத்துக்கு ரயிலில் தண்ணீர் கொண்டு வந்தார்கள். முதல் ரயிலில் 50 வேகன், 25 லட்சம் லிட்டர். அந்த ரயிலை யாராவது மறித்தால் என்ன ஆகும் என்று அப்போதே நோட்டில் எழுதி வைத்திருக்கிறார்.

ரயிலை வைத்துப் படம் எடுக்க எங்களிடம் பணமில்லை. அதனால் கொள்ளை குழாய்க்கு மாறியது. மீஞ்சூர் பக்கம் காட்டுப்பள்ளியில், கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை ஒன்று 2010-இலிருந்து இருக்கிறது. நாளைக்கு 10 கோடி லிட்டர் தயாரிக்கும் திறன் உள்ளது. அப்படி ஓர் ஆலையிலிருந்து ஊருக்குள் வரும் பெரிய குழாயை நாயகன் உடைப்பதாக முதல் திரைக்கதை. கட்டுப்பாட்டு அறைக்குள் நுழைவது, கம்ப்யூட்டரை முடக்குவது, டேங்கரில் தண்ணீரை ஏற்றிக்கொண்டு தப்பிப்பது என்று எல்லாம் இருந்தது.

அதைக் கொருக்குப்பேட்டையில் ஓர் அக்கா வீட்டில் உட்கார்ந்து படித்தோம். மேக்கப் போட அந்த வீட்டைத்தான் கேட்டிருந்தோம். அக்கா மீன் ஆய்ந்துகொண்டே கேட்டுக்கொண்டிருந்தார். டேங்கர் இடம் வந்ததும், "இன்னா தம்பி, ஒன்பதாயிரம் லிட்டர் லாரிய ஏத்திக்கினு எங்க ஓடுவீங்க? அது நகரவே நகராது. ரெண்டு தெரு தாண்டுறதுக்குள்ள ஜனமே மறிச்சிடும்" என்றார்.

சரியான பேச்சு. ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு கிலோ. ஒன்பதாயிரம் லிட்டர் என்றால் ஒன்பது டன். பணத்தைப் பையில் போட்டுக்கொண்டு ஓடலாம், வைரத்தை வாயில் போட்டுக்கொள்ளலாம். தண்ணீரை ஒளிக்க முடியாது, ஒழுகும், தளும்பும். கொள்ளைப் படங்களில் பொருளை எடுப்பதுதான் கஷ்டம். இங்கே எடுத்ததை எங்கே வைப்பது என்பதே பெரிய கஷ்டம்.

அப்புறம் அக்கா சொன்னதுதான் படத்தையே மாற்றியது. அவர் வீடு தெருவின் கடைசி. லைன் திறந்தாலும் அவர் வீட்டுக் குழாயில் காற்றுதான் வரும். நடுவில் இருக்கிற வீடுகளில் குழாயோடு மோட்டாரைச் சேர்த்து இழுத்துவிடுகிறார்கள். பக்கத்து வீட்டில் இழுக்கிறார்களே என்று அடுத்த வீட்டிலும் போடுகிறார்கள். அழுத்தம் கடைசி வரைக்கும் போவதில்லை. "எல்லாரும் ஒரு மணி நேரம் மோட்டாரை ஆஃப் பண்ணா எனக்கும் வரும். யாரு பண்ணுவா?" என்று கேட்டார்.

இயக்குநர் அன்றைக்கு ராத்திரியே திரைக்கதையைக் கிழித்துவிட்டு மறுபடி எழுதினார். புதுக் கதையில் கும்பல் தண்ணீரை எங்கேயும் எடுத்துப் போவதில்லை. கம்பெனியின் வால்வை ஒரு மணி நேரம் திறந்துவிடுகிறார்கள், அவ்வளவுதான். வால்வைத் திறப்பதற்கு முன்னால் முந்நூறு வீட்டுக்காரர்களிடம் பேசி, அந்த ஒரு மணி நேரம் யாரும் மோட்டார் போடக் கூடாது என்று சம்மதிக்க வைக்க வேண்டும். ஒரே ஒரு வீட்டில் போட்டாலும் கடைசி வீட்டுக்குத் தண்ணீர் போகாது. படத்தில் முக்கால்வாசி இந்தப் பேச்சுவார்த்தைதான். யார் ஒத்துக்கொள்வார், யார் காட்டிக்கொடுப்பார் என்பதிலேயே பதற்றம் ஏறுகிறது. துப்பாக்கி ஒன்றுகூடக் கிடையாது. கொள்ளைக் கும்பல் என்று பார்த்தால் கடைசியில் அது அந்தத் தெருவேதான். இந்த மாதிரி ஒரு கொள்ளையை நான் வேறெங்கும் பார்க்கவில்லை, பெருமையாகவே சொல்கிறேன்.

நடித்தவர்கள் பெரும்பாலும் அந்தத் தெருப் பெண்கள். வசனத்தை எழுதிக் கொடுத்தால் மறந்துபோய்த் திணறினார்கள். என்ன நடக்க வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டால் போதும், பிரமாதமாகச் சண்டை போட்டார்கள். உடை எல்லாருக்கும் சாம்பல் நிறம், சுவருக்கும் சாம்பல் பூச்சு. குடங்களை மட்டும் அவரவர் வீட்டில் இருந்தபடியே கொண்டுவரச் சொன்னோம். பச்சை, மஞ்சள், ரோஸ், ஊதா. அந்த ஊரில் மிச்சமிருக்கிற நிறம் அது மட்டும்தான் என்று தெரிகிற மாதிரி.

கும்பல் ஒளிந்திருக்கிற இடம் எங்கே என்று கேட்டீர்கள். எண்ணூர் நெடுஞ்சாலையில் துறைமுகத்துக்குள் போக வரிசையில் நிற்கிற கண்டெய்னர் லாரிகளுக்கு நடுவில்தான் எடுத்தோம். ஒரு பைசா செட் செலவில்லை. மணிக்கணக்காகக் காத்திருக்கிற டிரைவர் அண்ணன்கள் வெளிச்சத்துக்குத் தெர்மாகோல் பிடித்தார்கள். வரிசை நகர்ந்தால் மட்டும் ஷாட்டைப் பாதியில் விட்டுவிட்டு ஏறிப் போய்விடுவார்கள். அது அவர்கள் பிழைப்பு.


படகில் வேலை செய்பவர், காசிமேடு

உப்பு கடத்துகிறவனாக வருகிறவன் நான்தான். அண்ணன் காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் எடுத்த காட்சியைப் பற்றி எழுதவில்லை, அதனால் நான் எழுதுகிறேன்.

முதலில் பிப்ரவரியில் எடுக்கலாம் என்று வந்தார்கள். ராத்திரி ரெண்டு மணிக்கே மீன் ஏலம் ஆரம்பிச்சிடும், ஐஸ் வண்டி, கூடை, ஜனம், கால் வைக்க இடமிருக்காது, நடுவில் கேமராவை வைத்தால் யாராவது தள்ளிவிட்டுப் போவாங்க என்று சொன்னேன். தடைக்காலத்தில் வாங்க என்றேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகக் கூடாது. படகெல்லாம் வரிசையாகக் கட்டிக் கிடக்கும். அந்தப் படகுகளின் மேலேயே தாவித் தாவி ஓடுகிற காட்சியை அப்போதுதான் எடுத்தார்கள். கேட்காமல் ஏறவில்லை, படகு ஓனர் ஒவ்வொருவரையும் நேரில் பார்த்துக் கேட்டார்கள். அது எனக்குப் பிடித்தது.

தடைக்காலத்தில் எங்களுக்கு வருமானம் கிடையாது. அரசு நிவாரணம் ஒரு மாதத்துக்கே பத்தாது. பெரிய கம்பெனி வந்தால் ஜூனியர் ஆர்ட்டிஸ்டை வெளியிலிருந்து கூட்டிக்கொண்டு வருவார்கள், நம்ம ஆளுங்க கயிற்றுக்கு வெளியே நின்று பார்க்க வேண்டும். இவர்கள் எங்களையே எடுத்து, அன்றன்றைக்குச் சாயங்காலமே கூலியைக் கையில் கொடுத்தார்கள். பெரிய தொகை இல்லை. ஆனால் நாளைக்கு, நாளன்னைக்கு என்று இழுக்கவில்லை.

படகு விட்டுப் படகு தாண்டுகிற ஆளுக்கு டூப் கிடையாது. அது என் சித்தப்பா பையன்.


ஒளிப்பதிவு உதவியாளர், பெரம்பூர்

கேமரா பக்கம் ஒன்றே ஒன்று சொல்கிறேன், இதே மாதிரி படம் எடுக்கப் போகிறவர்களுக்கு உதவும்.

லைட் வாடகைக்குக் காசில்லாததால் இரவுக் காட்சிகள் முழுக்கத் தெரு விளக்கு, கடை டியூப்லைட், பெட்டிக்கடை பல்பு. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அதனால் விளக்கு நொடிக்கு 100 தடவை ஏறி இறங்கும். நொடிக்கு 24 பிரேமில் எடுக்கும்போது, ஒவ்வொரு பிரேமிலும் எவ்வளவு நேரம் வெளிச்சம் விழ வேண்டும் என்று தீர்மானிக்கிற ஷட்டரை வழக்கமான 180 டிகிரியில் வைத்தால் பல விளக்குகள் படத்தில் துடிக்கும். ஷட்டரை 172.8 டிகிரிக்கு மாற்றுங்கள். ஒரு பிரேமில் வெளிச்சம் விழும் நேரம் நொடியில் 50-இல் ஒரு பங்கு என்று கணக்கு வரும், துடிப்பு நின்றுவிடும். மலிவான சில எல்இடி இதற்கும் அடங்காது, ஒவ்வொரு கடையாக டெஸ்ட் எடுத்துப் பார்த்துதான் ஆக வேண்டும். லைட் வாடகை மிச்சமானது இதனால்தான். அந்தப் பணத்தில் ஒலிப்பதிவுக்கு நல்ல மைக் எடுத்தோம்.

கொருக்குப்பேட்டை ரயில்வே கேட்டில் கூட்ஸ் வண்டி போகும்போதெல்லாம் வசனத்தை நிறுத்தி நிறுத்தி எடுத்தது தனிக் கதை. கடைசியில் அந்தச் சத்தத்தையே படத்தில் வைத்துவிட்டார்கள். வண்டி போகும்போதுதான் கும்பல் ரகசியம் பேசும்.


பார்வையாளர், எண்ணூர்

படம் எனக்குப் பிடித்தது, மோட்டார் நிறுத்துகிற அந்த ஒரு மணி நேரத்தில் அழுதுவிட்டேன். ஆனாலும் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

நடுவில் கொசஸ்தலை ஆற்று முகத்துவாரத்தைக் காட்டுகிறீர்கள். புகைபோக்கி, மின்கோபுரம், சாம்பல் தண்ணீர். பின்னாலே பயமுறுத்துகிற இசை. அழிந்துபோன எதிர்காலம் இப்படித்தான் இருக்கும் என்று. தோழர், அது என் வீட்டு வாசல். 2017 ஜனவரியில் ரெண்டு கப்பல் மோதி எண்ணெய் கொட்டியபோது எங்கள் ஆட்கள் வாளியால் அள்ளினார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மறுபடியும் எண்ணெய் வந்து ஆறு முழுக்கப் படிந்தது, வலையும் படகும் கறுத்தது. அதே மாதக் கடைசியில் பெரியகுப்பம், சின்னகுப்பம் பக்கம் அம்மோனியா கசிந்து ராத்திரியில் குழந்தைகளைத் தூக்கிக்கொண்டு ஓடினோம். இது வரப்போகிற காலம் இல்லை, நடந்து முடிந்தது. இன்னமும் அங்கே இறால் பிடிக்கிறார்கள், சேற்றில் உட்கார்ந்து கையாலேயே தடவிப் பிடிக்கிறார்கள். கேமராவை அந்தப் பக்கம் திருப்பியிருந்தால் ஓர் ஆளாவது தெரிந்திருப்பார். கொருக்குப்பேட்டைத் தெருவை ஆட்களோடு காட்டினீர்கள். எங்கள் ஊரை ஆளே இல்லாத இடமாகக் காட்டிவிட்டீர்கள்.


உதவி இயக்குநர், தண்டையார்பேட்டை

எண்ணூர் தோழருக்கு. நீங்கள் எழுதியதை இயக்குநரிடம் அப்படியே படித்துக் காட்டினேன். முகத்துவார ஷாட்கள் எல்லாம் 2017-இல் மூடிய பழைய அனல்மின் நிலையத்துப் பக்கமிருந்து எடுத்தவை, அதனால்தான் ஆட்கள் இல்லை என்று முதலில் சொன்னார். அப்புறம் அவரே, அது காரணமாகாது, கேமராவை எங்கே வைப்பது என்று முடிவு செய்வது நாம்தானே என்றார்.

இசையை எடுத்துவிடுகிறோம். ஆளில்லாத ஷாட்களில் ஒன்று மட்டும் கதைக்குத் தேவை, கும்பல் அந்த வழியாகத்தான் தப்பிக்கிறது. மற்றவற்றுக்குப் பதிலாக இறால் பிடிப்பவர்களோடு ஒரு காட்சி எடுக்க ஆசை. அவர்களுக்குச் சம்மதமா, எந்த நேரத்தில் நீர் வற்றும், எங்கே நின்றால் அவர்கள் வேலைக்கு இடைஞ்சல் இருக்காது என்று நீங்கள்தான் கேட்டுச் சொல்ல வேண்டும். கூலி காசிமேட்டில் கொடுத்த மாதிரியே, அன்றைக்கே.

திருத்திய படத்தை முதலில் எண்ணூரில் போடுகிறோம். திரையும் புரொஜெக்டரும் எங்களிடம் இருக்கின்றன, ஒரு பிளக் பாயிண்ட் போதும். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் தோதுப்படுமா?