க்வெஸ்ட் 3: கிராக் கேம் லோகோவோடு நிற்கிறது, மேலே அப்டேட்டும் ஏறவில்லை

கேள்வி
க்வெஸ்ட் 3 விஆர் ஹெட்செட்டில் டெவலப்பர் மோட் ஆன் செய்து, கிராக் (பூட்டு உடைத்த திருட்டுப் பிரதி) ஏபிகேயும் (செயலியின் இன்ஸ்டால் கோப்பு) ஓபிபி ஃபோல்டரும் (கேமின் பெரிய தரவுக் கோப்புகள்) ஏற்றினேன். சிஸ்டம் அப்டேட்டுக்குப் பிறகு லோகோ, அப்புறம் கருப்புத் திரை. அதற்கு முன்பும் மல்டிபிளேயர் உள்ளே விடவில்லை. வேகமாகத் திரும்பினால் படம் திணறித் தலைசுற்றல். புதிய ஏபிகேயை மேலே ஏற்றினால் கையொப்பம் பொருந்தவில்லை என்கிறது. ஃபேக்டரி ரீசெட்தான் வழியா?

பதில் 1
ரீசெட்டுக்கு இப்போது அவசியமில்லை. ஏபிகேயைப் பிரித்துத் திருத்தினால் டெவலப்பரின் டிஜிட்டல் கையொப்பம் போய்விடும். கிராக் செய்தவர் தன் சாவியால் மறுபடி கையொப்பமிடுவார். ஒரே பேக்கேஜ் பெயரில் (செயலியின் அடையாளப் பெயர்) வேறு கையொப்பம் வந்தால், க்வெஸ்டுக்கு அடித்தளமான ஆண்ட்ராய்டு மேலே ஏற்றாது. பழையதை நீக்கியே ஆகவேண்டும், சேவ் கோப்பும் கூடவே போகும். முதலில் யூஎஸ்பியில் இணைத்து, ஆண்ட்ராய்டு > டேட்டா உள்ளே அந்த கேமின் ஃபோல்டரை நகலெடுங்கள். சேவ் செயலியின் உள் சேமிப்பில் இருந்தால் எடுக்க முடியாது. எடுத்தாலும் அசல் பதிப்பு ஏற்கும் என்று நம்பி உட்காராதீர்கள்.

மல்டிபிளேயர் கதை வேறு. 'இந்தக் கணக்கு கேமை வாங்கியதா?' என்ற சோதனையை கிராக் ஹெட்செட்டுக்குள் மட்டும்தான் ஏமாற்றுகிறது. கேம் சர்வர் அதே கேள்வியை ஸ்டோரிடம் நேரடியாகக் கேட்டால் ஒன்றும் செய்ய முடியாது.

பதில் 2
தலைசுற்றலுக்குப் பெரும்பாலும் கிராக்கே நேரடிக் காரணமில்லை, பழைய பில்ட்தான் (கேமின் பழைய பதிப்பு). 90 ஹெர்ட்ஸில், அதாவது நொடிக்கு 90 படம் காட்டும்போது, ஒரு ஃப்ரேமுக்குக் (ஒரு படம்) கிடைப்பது சுமார் 11 மில்லிசெகண்ட். அதைத் தாண்டினால் தலை திரும்பிவிடும், படம் பின்தங்கும். கண்ணும், அசைவை உணரும் உள்காதும் முரண்படும். டெவலப்பர் பின்னால் தந்த வேகத் திருத்தங்கள் உங்கள் பிரதிக்கு வரவே வராது.

கேட்டவர்
வைரஸ் பயம் உண்டா? கிராக் கேம் வந்த பேக்கில் ஒரு விண்டோஸ் இன்ஸ்டாலரும் இருந்தது, பிசியில் ஓட்டியாயிற்று.

பதில் 2
ஹெட்செட்டைவிட அந்த பிசிதான் கவலை. நெட்டைத் துண்டித்து முழு ஸ்கேன் ஓட்டுங்கள். பாஸ்வேர்டுகளை வேறு கருவியிலிருந்து மாற்றுங்கள். ஹெட்செட்டில் அந்த கேமுக்குக் கொடுத்த மைக், சேமிப்பு, அறைத் தரவு அனுமதிகளையும் பாருங்கள். வாய்ஸ் சாட்டே இல்லாத கேமுக்கு மைக் எதற்கு?

பதில் 1
வரிசை இதுதான்: ஆப் லைப்ரரியில் 'அன்னோன் சோர்சஸ்' பிரித்து கேமை அன்இன்ஸ்டால் செய்யுங்கள். ஓபிபி ஃபோல்டர் மிச்சமிருந்தால் கையால் அழியுங்கள், சில ஜிபி சும்மா அடைத்துக்கொண்டிருக்கும். ரீஸ்டார்ட். பிறகு மொபைல் ஆப்பில் டெவலப்பர் மோடை அணைத்து, ஸ்டோரிலிருந்து அசலை ஏற்றுங்கள். வாங்கி 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால் பணம் திரும்பக் கேட்கலாம்; பிடிக்குமா என்று பார்க்க அது போதும்.

மற்ற ஆப்களிலும் கருப்புத் திரை வந்தால் மட்டும் ரீசெட்: அணைத்துவிட்டு பவர், வால்யூம் குறைப்பு இரண்டையும் சேர்த்து அழுத்திப் பிடித்தால் ஃபேக்டரி ரீசெட் உள்ள பூட் மெனு வரும்.