புதுப்பிப்பு: பில் சாஃப்ட்வேரில் ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை’ பிழை (சரியாகிவிட்டது)

உதவிய எல்லோருக்கும் ரொம்ப நன்றிங்க. திருப்பூரில் எங்கள் பனியன் யூனிட்டில் விண்டோஸ் 10-ஐப் புதிதாகப் போட்டபின் பில் சாஃப்ட்வேர் திறக்கவில்லை, எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை என்கிறது என்று போன வாரம் கேட்டிருந்தேன்.

இங்கே பதில் தந்த ஈரோட்டு அண்ணன் சொன்ன வழிதான் கைகொடுத்தது. டிஎல்எல் என்பது புரோகிராம் ஓடத் தேவையான துணை ஃபைல். அந்த ஃபைல் எங்கள் சாஃப்ட்வேருக்கே உரியதல்ல; விஷுவல் சி++ல் (மைக்ரோசாஃப்டின் புரோகிராம் எழுதும் கருவி) எழுதிய பல புரோகிராம்களுக்கும் பொதுவானது. அதனால் ஒற்றை ஃபைலைத் தேடி அலையாமல், மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து இந்தத் துணை ஃபைல்களின் தொகுப்பான விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் 2015–2022-ஐ மொத்தமாகப் போடச் சொன்னார். 64 பிட் விண்டோஸ்தானே என்று முதலில் எக்ஸ்64 (64 பிட் பதிப்பு) மட்டும் போட்டேன். அதே பிழை. சாஃப்ட்வேர் 32 பிட் என்பதால் எக்ஸ்86-ம் (32 பிட் பதிப்பு) வேண்டுமாம்; போட்டேன்.

அப்போதும் திறக்கவில்லை! இந்த முறை ‘என்ட்ரி பாயின்ட் நாட் ஃபவுண்ட்’ (டிஎல்எல்லில் தேவையான பகுதி இல்லை) என்ற பிழை. இதை நான் எதிர்பார்க்கவே இல்லை. இடையில் அவசரத்தில் பழைய கம்ப்யூட்டரிலிருந்து அந்த டிஎல்எல்லை பென் டிரைவில் கொண்டுவந்து சாஃப்ட்வேர் ஃபோல்டரிலேயே போட்டிருந்தேன். விண்டோஸ் முதலில் புரோகிராமின் சொந்த ஃபோல்டரில்தான் தேடும். பழைய வெர்ஷனையே எடுத்துக்கொண்டது. அதை அழித்ததும் உடனே திறந்தது, பில்லும் பிரிண்ட் ஆனது.

தேடி வருபவர்களுக்கு: 64 பிட் விண்டோஸில் 32 பிட் டிஎல்எல்கள் இருப்பது சிஸ்வாவ்64 ஃபோல்டரில், 64 பிட் இருப்பது சிஸ்டம்32 ஃபோல்டரில். பெயரைப் பார்த்துக் குழம்பிவிடாதீங்க.