பேச்சியம்மாள் பாட்டி வகையறா (குழு)

சுகன்யா: (பலமுறை பகிரப்பட்டது) அவசரம்!! வளைகுடாவில் போர். ஹார்முஸ் ஜலசந்தியை மூடப்போகிறார்கள். நாளை முதல் பெட்ரோல், டீசல், கேஸ் கிடையாது. உடனே டேங்கை நிரப்புங்கள். பத்துக் குழுக்களுக்காவது அனுப்புங்கள்!!

ரேவதி: ஐயோ. ஞாயிற்றுக்கிழமை காதுகுத்து. வேனுக்கு டீசல்?

கார்த்தி: புரளி அக்கா

ரேவதி: தெப்பக்குளம் பக்கம் பங்க்கில் வரிசை நிற்கிறதாம். அவர் பார்த்துவிட்டு வந்து சொல்கிறார்.

கார்த்தி: இதைப் படித்தவர்கள் எல்லாம் போய் நின்றால் வரிசை நிற்கத்தான் செய்யும்

முத்துலட்சுமி: சரவணா எங்கே இருக்கிறாய் சாமி. போன் போகவில்லை

செல்லப்பாண்டி: எல்லோரும் முதலில் ஒன்றைப் புரிந்துகொள்ள வேண்டும். ஹார்முஸ் என்பது ஈரானுக்கும் ஓமானுக்கும் நடுவில் உள்ள கடல் இடுக்கு. குறுகலான இடத்தில் சுமார் 33 கிலோமீட்டர்தான். உலகம் எரிக்கிற எண்ணெயில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு அந்த வழியாகத்தான் வந்தாக வேண்டும். குவைத் கப்பலுக்கு வேறு வாசலே கிடையாது. நாமும் கச்சா எண்ணெயில் 85 சதவீதத்துக்கு மேல் வெளியில்தான் வாங்குகிறோம். ஆனாலும் மறுநாளே பங்க் காய்ந்துவிடாது. முதலில் விலைதான் ஏறும். 1990-இல் நான் குவைத்தில் இருந்தவன் என்பதால் சொல்கிறேன். தொடரும்.

கார்த்தி: தொடருமாம்

தவமணி: அண்ணே வேன் ஒன்றா இரண்டா, அதைச் சொல்

சுகன்யா: பெரியப்பா, அப்போது இராக் அதிபர் சதாம் உசேன் ஏன் குவைத்துக்குள் நுழைந்தார்? குரூப் 2-க்குப் படிக்கிறேன், கேட்டாலும் கேட்பார்கள்

கார்த்தி: சுகன்யா உனக்கு ஏன் இந்த வேலை

செல்லப்பாண்டி: நல்ல கேள்வி. எல்லாம் கடன் அம்மா. 1980-இலிருந்து எட்டு வருஷம் ஈரானோடு சண்டை. அதற்குக் குவைத்திடமும் சவுதியிடமும் கை நீட்டினான். திருப்பிக் கொடுக்க வேண்டுமென்றால் எண்ணெய் நல்ல விலைக்குப் போக வேண்டும். குவைத்தோ ஒபெக்கில், அதாவது எண்ணெய் விற்கும் நாடுகளின் கூட்டமைப்பில், பேசிய அளவுக்கு மேல் இறைத்து விற்றது. விலை சரிந்தது. கடனைத் தள்ளு என்றான், மாட்டேன் என்றது. அப்புறம் எல்லையில் ருமைலா வயல். பெரும்பகுதி இராக்கில், நுனி மட்டும் குவைத்தில். குவைத் குழாயைச் சாய்த்து இறக்கி என் எண்ணெயை உறிஞ்சுகிறது என்று சதாம் சொன்னான். இல்லவே இல்லை என்று குவைத் சொன்னது.

முத்துலட்சுமி: செல்லம்பட்டிக் கிணறு மாதிரியா

தவமணி: அதை எதற்கு இங்கே இழுக்கிறாய்

தவமணி: என் போர்வெல் என் வரப்புக்குள் இருக்கிறது. நேராகத்தான் இறக்கினேன். சர்வேயர் வந்து பார்த்தது

முத்துலட்சுமி: சின்னண்ணே நான் உன் பெயரைச் சொல்லவே இல்லையே

கார்த்தி: சின்ன மாமா, குவைத்தும் இதையேதான் சொன்னதாம்

தவமணி: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

ரேவதி: மாமா என்ன எழுதி அழித்தீர்கள்

செல்லப்பாண்டி: நடுவில் பேசாதீர்கள். ஆகஸ்ட் 2 விடியும்போது பட்டாளம் உள்ளே வந்துவிட்டது. நாங்கள் சால்மியாவில் ஒரே அறையில் இருந்தோம். சேர்த்து வைத்திருந்த குவைத் தினார் போயிற்று. முதலில் இராக் தினாரும் இதுவும் சமம் என்றான், பிறகு குவைத் தினாரே கிடையாது என்றான். பஸ்ரா, பாக்தாத், அங்கிருந்து பாலைவனத்தைத் தாண்டி அம்மான். கூடாரத்தில் ரொட்டிக்கு அடிதடி. ஏர் இந்தியா 59 நாளில் 488 முறை பறந்து ஒரு லட்சத்து எழுபதாயிரம் பேர்வரை கொண்டுவந்தது. பம்பாயில் இறங்கியபோது என்னிடம் இருந்தது பாஸ்போர்ட் மட்டும்தான்.

முத்துலட்சுமி: அம்மா அப்போது சாப்பிடவே இல்லை. அழகர்கோயில் கருப்புக்கு கிடா நேர்ந்தது

சுகன்யா: அமெரிக்கா ஏன் வந்தது?

செல்லப்பாண்டி: குவைத்தை விட்டுவிட்டால் அடுத்து சவுதி வயல்கள். சட்டம், நியாயம் எல்லாம் பேசினார்கள், அதுவும் உண்மைதான். ஆனால் அங்கே விளைவது பேரீச்சம்பழம் மட்டும் என்றால் அவ்வளவு படை திரண்டிருக்காது என்பது என் எண்ணம். 1991 ஜனவரி 17-இல் குண்டு போட ஆரம்பித்தார்கள். தரையில் சண்டை நூறு மணி நேரம்தான். ஓடுகிறபோது இராக் படை 600-க்கும் மேற்பட்ட எண்ணெய்க் கிணறுகளுக்குத் தீ வைத்துவிட்டுப் போனது. கடைசிக் கிணற்றை அணைக்க நவம்பர் ஆயிற்று. போருக்குப் பிறகும் நீடித்த ஐநா வர்த்தகத் தடையில் மருந்து கிடைக்காமல் செத்தது இராக் ஏழைகள். சதாம் அரண்மனை கட்டிக்கொண்டிருந்தான்.

செல்லப்பாண்டி: இங்கேயும் அடி விழுந்தது. நாம் ஏற்கெனவே கடனில் இருந்தோம். எண்ணெய் விலை இரண்டு மடங்கானது, எங்களைப் போன்றவர்கள் அனுப்பிய பணமும் நின்றது. டாலர் இல்லாமல் 1991-இல் 47 டன் தங்கத்தை அடகு வைத்தது அரசாங்கம்.

முத்துலட்சுமி: மீட்டார்களா

செல்லப்பாண்டி: மீட்டார்கள்

முத்துலட்சுமி: நல்லது. உன் விசாவுக்கு நான் வைத்த ஏழு பவுன்?

ரேவதி: அம்மா!!

தவமணி: ஐநா நஷ்டஈட்டுப் பணம் வந்ததே அண்ணே

செல்லப்பாண்டி: தப்பி வந்த ஒவ்வொருவருக்கும் 2,500 அல்லது 4,000 டாலர் என்று வைத்தார்கள். இராக் விற்ற எண்ணெயிலிருந்து பிடித்துக் கொடுத்தது. கைக்கு வரப் பல வருஷம் ஆயிற்று. எல்லோருக்குமாகச் சேர்த்து 5,240 கோடி டாலர். இராக் அதைக் கட்டி முடித்தது 2022-இல்தான்.

தவமணி: அக்கவுண்ட்டில் வந்ததைக் கேட்டால் இராக் கணக்கைச் சொல்கிறாய்

கார்த்தி: வரப்பு விவகாரமும் பவுன் விவகாரமும் இன்று சமம்

சரவணன்: அம்மா நலம். டூட்டியில் இருந்தேன், போனை உள்ளே விடமாட்டார்கள்

முத்துலட்சுமி: சாமி!!!

சரவணன்: இங்கே கடையில் தண்ணீர் பாட்டில்தான் தீர்ந்துபோனது. வெள்ளிக்கிழமை விமானம், ரத்து என்று இதுவரை சொல்லவில்லை. சென்னை வந்து பாண்டியன் பிடிக்க வேண்டும்

முத்துலட்சுமி: வராதே. வழியில் ஏதாவது ஆகிவிடும். அங்கேயே இரு

முத்துலட்சுமி: இல்லை வந்துவிடு

ரேவதி: அண்ணன் வராவிட்டால் யார் மடியில் உட்கார வைப்பது? தள்ளி வைக்கலாமா

கார்த்தி: நானும் தாய்மாமன்தான்

ரேவதி: சீர்?

கார்த்தி: மடி மட்டும்

சரவணன்: சீர் பணம் அனுப்பிவிட்டேன் ரேவதி. தள்ளி வைக்காதே

கார்த்தி: சமையல்காரர் லைனில் இருக்கிறார். பாண்டி கோயிலுக்குக் கிடா எத்தனை? இரண்டா மூன்றா?

தவமணி: இரண்டு

முத்துலட்சுமி: மூன்று. அம்மா நேர்ந்தது இன்னும் பாக்கி இருக்கிறது

செல்லப்பாண்டி: நான் வெட்டவில்லையா?

முத்துலட்சுமி: எப்போது வெட்டினாய்? அம்மா கடைசிவரை கேட்டுக்கொண்டேதான் இருந்தாள்

சுகன்யா: அது கருப்புக்கு நேர்ந்தது. பாண்டி கோயிலில் வெட்டினால் கணக்கில் சேருமா?

தவமணி: சேராது

முத்துலட்சுமி: பூசாரியிடம் கேட்கலாம்

செல்லப்பாண்டி: இதில் இரண்டு கருத்து உண்டு. முதலாவது

கார்த்தி: இரண்டு சொல்லிவிட்டேன். மூன்றாவதை சனிக்கிழமை பார்த்துக்கொள்ளலாம். வேன் ஒன்றா இரண்டா?