உடன்புலன்: சுவைக்கு நிறம் வந்தால் என்ன பெயர்?

நண்பர்களுக்கு வணக்கம்.

ஒரு புலன் தூண்டப்படும்போது கூடவே இன்னொரு புலனுணர்வும் தானாக எழுவதைச் சினஸ்தீசியா என்கிறார்கள். அதற்குத் தமிழில் என்ன சொல் என்று இங்கே கிளப்பிவிட்டவன் நான்தான். மூன்று நாளாக இழுபறி. என் கதையின் உலகில் நாக்கில் எது பட்டாலும் நிறமும் ஒலியும் எழும். புளிப்பு மஞ்சளாகக் கீச்சிடும். கசப்பு கரும்பச்சையாக உறுமும். இதற்கு வைக்கும் பெயர் நரம்பியல் கட்டுரையிலும் உதைக்காமல் உட்கார வேண்டும், அவ்வளவுதான் ஆசை.

நீங்கள் முன்வைத்த சொற்களில் 'புலன் கலப்பு' வேண்டாம். பாலும் நீரும் கலந்தபின் எது பால், எது நீர் என்று பிரிக்க முடியாது. இங்கே புளிப்பு புளிப்பாகவே இருக்கிறது; கூடவே மஞ்சளும் வந்து நிற்கிறது.

'பல்பொறி உணர்வு' அதைவிடச் சிக்கல். பொறி என்பது கண், காது, நாக்கு என்ற கருவி. புலன் அதன் வழியே வரும் அறிவு. கண்ணை மூடிக்கொண்டாலும் அந்த மஞ்சள் வரும் என்னும்போது பொறிக்கு அங்கே என்ன வேலை?

நம்மில் மூத்த ஐயா ஒருவர் சொன்ன 'புலன் மயக்கம்' எனக்கு மிகவும் பிடித்தது. இலக்கணத்தில் மயக்கம் என்றால் சேர்ந்து நிற்பது. 'பந்து' என்ற சொல்லில் ந்-உம் த்-உம் ஒட்டி நிற்கின்றன, ஒன்று மற்றொன்றைக் கரைப்பதில்லை. மெய்யெழுத்துகள் இப்படி நிற்பதுதான் மெய்ம்மயக்கம். இதைவிடப் பொருத்தமான படம் கிடைக்காது. ஆனால் மருத்துவரிடம் போய் 'எனக்குப் புலன் மயக்கம்' என்றால் படுக்கவைத்து ரத்த அழுத்தம் பார்ப்பார். இது நோயும் இல்லை, மாயத்தோற்றமும் இல்லை. மனசில்லாமல்தான் விடுகிறேன்.

என் பரிந்துரை: உடன்புலன். கிரேக்கத்தில் 'சின்' என்றால் உடன், 'ஐஸ்தேசிஸ்' என்றால் உணர்வு. மூலத்துக்கும் பக்கம். உடன்பிறந்தவர்கள் ஒரே வீட்டில் இருந்தாலும் தனித்தனி ஆள்தானே, அப்படி. அனுபவிப்பவரை உடன்புலனர் எனலாம்.

தேன்குரல், காரமான பேச்சு எல்லாமே உடன்புலன்தானே, 'செவியிற் சுவையுணரா' என்று வள்ளுவரே சொல்கிறாரே என்று இங்கே ஓர் அம்மா கேட்டிருந்தார்கள். அழகான கேள்வி. ஆனால் குறளில் வரும் சுவை கேள்விச் செல்வத்தின் இன்பம். நாக்கில் எதுவும் ஊறுவதில்லை. தேன்குரல் என்பவருக்கு அதே குரல் நாளை குயிலாகலாம். உடன்புலனர் அப்படி மாறமாட்டார். ஒரு சொற்பட்டியலைக் கொடுத்து ஒவ்வொன்றுக்கும் என்ன நிறம் என்று கேட்டு, பல வாரம் கழித்து முன்னறிவிப்பில்லாமல் மறுபடி கேட்டால், பெரும்பாலும் அதே நிறத்தைத்தான் சொல்வார். ஆய்வாளர்கள் ஆளைக் கண்டுபிடிப்பதே இப்படித்தான்.

அப்புறம் வகைப் பெயர்கள். ஆய்வுத் துறையில் தூண்டும் புலனை முன்னும் உடன் எழுவதைப் பின்னும் வைக்கிறார்கள். தமிழுக்கு இது இயல்பான வரிசை. தேங்காயெண்ணெய் என்றால் தேங்காயிலிருந்து வரும் எண்ணெய். அதுபோல் சுவையிலிருந்து வரும் நிறம் சுவைநிறம், வரும் ஒலி சுவையொலி. திருப்பிப் போட்டால் ஒலிச்சுவை.

இங்கேதான் மாட்டிக்கொண்டேன். 2005-ல் 'நேச்சர்' அறிவியல் இதழில் ஒரு பெண் இசைக்கலைஞரைப் பற்றி எழுதினார்கள். இரண்டு சுரங்களைக் கேட்டால், அவற்றின் இடைவெளிக்கு ஏற்ப அவர் நாக்கில் சுவை தட்டும். நம் கர்நாடக இசைச் சுரப்பெயரில் சொன்னால், ஸட்ஜத்தோடு அந்தர காந்தாரம் இனிப்பு, சாதாரண காந்தாரம் உப்பு, சுத்த ரிஷபம் புளிப்பு. பஞ்சமம் வெறும் தூய நீர்! இதற்கு 'இசைச்சுவை' என்று பெயர் வைத்தால் கச்சேரி விமர்சனம் என்று நினைப்பார்கள். 'சுவை' என்ற சொல் நகைச்சுவை வரைக்கும் போய்விட்டதன் வினை.

சுவையிலேயே இன்னொரு ஓட்டை. வாயில் நாம் உணர்வதில் பெரும்பங்கு மணம். மூக்கடைத்த நாளில் காப்பி வெறும் கசப்பு வெந்நீர். ஆகவே கதையில் வெறும் 'சுவை' என்னாமல், சுவையும் மணமும் சேர்ந்தது என்ற பொருளில் 'சுவைமணம்' என்றே எழுதப் போகிறேன். காரத்தை என்ன செய்வது என்று கேட்காதீர்கள். அறுசுவையில் அது இருக்கிறது, உடலியலில் அது சூட்டை உணரும் நரம்பைக் கிளறும் எரிச்சல். ஆனாலும் அது உடன்புலன் ஆகாது. அந்த நரம்பு நிஜமாகவே தூண்டப்படுகிறது, கூட வந்த விருந்தாளி யாரும் இல்லை.

கடைசியாக ஒன்று. கதை மாந்தர்கள் உடன்புலன் என்ற சொல்லைத் தொடவே மாட்டார்கள். நிறம் தெரியாதவருக்கு நிறக்குருடு என்று பெயர் வைத்த நாம், தெரிபவருக்குத் தனிப் பெயர் வைத்தோமா? அவர்கள் உலகில் பெயர் தேவைப்படுவது சுவைத்தும் எதுவும் பார்க்காத, கேட்காத ஒருவனுக்கு. 'வெறுநாக்கன்' என்று எழுதி வைத்திருக்கிறேன், கொஞ்சம் வசவு மாதிரி ஒலிக்கிறது. கதைக்கு அதுவும் வேண்டியதுதான். உடன்புலனுக்கு மறுப்பு இருந்தால் எழுதுங்கள். 'இசைச்சுவை'க்கு மாற்று இருந்தால் இன்றைக்கே எழுதுங்கள்.