தேங்கிய மனுவை முடிக்க உயர் நீதிமன்றம் கெடு விதிப்பது சரியா?

வயல்வரப்பு:
என் அப்பா 2012 இல் நில வழக்கில் வென்றார். தீர்ப்பு எங்கள் பீரோவில் இருக்கிறது, நிலம் எதிராளியிடம் இருக்கிறது. தீர்ப்பைச் செயல்படுத்தி நிலத்தை எங்களிடம் ஒப்படைக்கக் கேட்டு நிறைவேற்று மனு போட்டு ஏழு ஆண்டுகள் ஆகின்றன. எதிராளி பதில் தாக்கல் செய்ய வாய்தா, வக்கீல் வரவில்லை என்று வாய்தா, நீதிபதி மாறுதலில் போய்விட்டார் என்று வாய்தா. கடைசியில் கீழ் நீதிமன்றங்களை மேற்பார்வையிட உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் தரும் அரசமைப்பின் 227 ஆவது பிரிவின்கீழ் அங்கே போனோம். மூன்று மாதத்துக்குள் முடிக்கச் சொல்லி உத்தரவு வந்தது. இதைத் தவறு என்பவர்கள் காரணம் சொல்லட்டும்.

சார்பு நீதிமன்ற வக்கீல்:
காரணம் இருக்கிறது, சகோதரி. மற்ற நீதிமன்றத்தில் உள்ள வழக்குக்கு உச்ச, உயர் நீதிமன்றங்கள் சாதாரணமாகக் கெடு விதிக்கக் கூடாது, மிக அரிதான சூழலில்தான் விதிக்கலாம் என்று 2024 பிப்ரவரி 29 இல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வே சொல்லிவிட்டது. எந்த வழக்கை முதலில் எடுப்பது என்பது அந்தந்த நீதிபதிக்குத்தான் தெரியும்.

வயல்வரப்பு:
தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், 2025 மார்ச்சில், நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க வையுங்கள் என்று எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் அதே உச்ச நீதிமன்றம்தான் சொன்னது. அந்த வழக்கு தொடுக்கப்பட்டது 1986 இல்! பிறகு கணக்கெடுத்தபோது நாடு முழுவதும் 8.8 லட்சத்துக்கும் மேல் தேங்கிக் கிடந்தன.

சார்பு நீதிமன்ற வக்கீல்:
அது எல்லாருக்குமான உத்தரவு. அதை வரவேற்கிறேன். மேலே போக முடிந்த ஒருவருக்கு மட்டும் தேதி குறிப்பதைத்தான் எதிர்க்கிறேன்.

பழைய குமாஸ்தா:
வக்கீல் ஐயா சொல்வதை நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். உத்தரவு நகல் வந்ததும் அந்த வழக்குக் கட்டின் மேல் சிவப்பு மையில் கெடு தேதியை எழுதி மேலே வைப்போம். காலையில் மேலே இருந்த கட்டு அடியில் போகும். அந்தக் கட்டுக்குரிய பாட்டி முதல் பஸ்ஸில் வந்து, மாலை வரை வராந்தாவில் உட்கார்ந்திருந்துவிட்டு, அடுத்த வாய்தாவைத் துண்டுச் சீட்டில் எழுதி வாங்கி, சேலை முந்தானையில் முடிந்துகொண்டு போவார். சென்னைக்கோ மதுரைக்கோ போக அவரிடம் ஏது பணம்?

வயல்வரப்பு:
அந்தப் பாட்டியை நினைத்தால் எனக்கும் நெஞ்சு பதைக்கிறது, ஐயா. ஆனால் அவர் இடத்தை நான் பறிக்கவில்லை. என் முறை ஏழு ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது. எதிர்த்தரப்பு நடுவில் ஒவ்வொரு காரணம் சொல்லிப் போட்ட ஆறு இடைமனுக்கள்தான் அதைத் தின்றன.

சார்பு நீதிமன்ற வக்கீல்:
அங்கே உங்களோடு ஒத்துப்போகிறேன். வழக்கு விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 17 ஆவது ஆணையே சொல்கிறது. கேட்டவுடன் வாய்தா கொடுக்கும் வழக்கத்தை உயர் நீதிமன்றம் கண்டிக்கட்டும், காலி இடங்களை நிரப்பட்டும். பாட்டிக்கும் அது உதவும்.

வயல்வரப்பு:
அது நடக்கும்வரை என் உத்தரவை நான் விட்டுக்கொடுக்க மாட்டேன். அப்பாவுக்கு 81 வயது. வரும் 18 ஆம் தேதி அவரையும் அழைத்துக்கொண்டு போகிறேன்.