லோயிஸ் பினோவின் சம்மதக் கோட்பாடு சட்டத்துக்குப் பொருந்துமா?

நிலவன்:
அறிமுகமானவர்களுக்கிடையே நிகழும் வல்லுறவைப் பற்றி மெய்யியலாளர் லோயிஸ் பினோ 1989-இல் எழுதிய கட்டுரையைப் பாடத்துக்காகப் படித்துவருகிறேன். பாலுறவை ஒருமுறை ஒப்புக்கொண்டதும் முடிந்துபோகும் ஒப்பந்தமாகக் கருதாமல், நண்பர்களின் உரையாடலைப் போல மற்றவரின் விருப்பத்தை இடைவிடாமல் கவனித்து நடக்க வேண்டியதாகக் கருத வேண்டும் என்கிறார். அறநெறியாக இதை ஏற்கிறேன். ஆனால், சம்மதம் இருப்பதாக உண்மையிலேயே நம்பிய ஒருவரிடம் குற்றமனம் (குற்றத்துக்குத் தேவையான மனநிலை) இருந்ததென்று எப்படிச் சொல்வது?

கயல்:
மார்கன் வழக்கிலிருந்து தொடங்குங்கள். நம்பிக்கை நேர்மையானதாக இருந்தால் போதும், நியாயமானதாகவும் இருக்க வேண்டியதில்லை என்று 1975-இல், அப்போது இங்கிலாந்தின் உச்ச நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை முடிவுசெய்தது. மார்கன் என்பவரின் மனைவியை வல்லுறவு செய்ததாகக் குற்றஞ்சாட்டப்பட்ட மூவர், மனைவி திமிறினாலும் அது பாசாங்குதான் என்று கணவரான மார்கனே சொல்லி அழைத்துவந்ததாக வாதிட்டார்கள். (அந்தக் கதையை எந்த நடுவர் குழுவும் நம்பியிருக்காது என்பதால் தண்டனை நிலைத்தது.) பெண் ஏன் எதிர்க்கவில்லை என்று துருவுவதை விட்டு, அவருடைய விருப்பத்தை எப்படி அறிந்தீர் என்று ஆணிடம் கேட்க வேண்டும் என்பதே பினோவின் வாதம். கேட்டிருந்தால் தெரிந்திருக்கும் என்னும்போது, கேட்காமல் வளர்த்துக்கொண்ட நம்பிக்கையை நேர்மை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அருள்மொழி:
கனடா இதைச் சட்டமாகவே எழுதியது. சம்மதத்தை அறிய நியாயமான முயற்சி எடுக்காதவர், தவறாக நம்பிவிட்டேன் என்று வாதிட முடியாது என்பது 1992-ஆம் ஆண்டுத் திருத்தம். அதில் மகளிர் அமைப்புகளின் உழைப்பு பெரிது. பினோ ஒருவரின் சாதனையாக்கிவிட வேண்டாம். 1999-இல் வந்த யூவான்சுக் வழக்கில், வேலை நேர்காணலுக்கு வந்த 17 வயதுப் பெண் வேண்டாம் என்றதும், நேர்காணல் நடத்தியபடி அவரைத் தொட்ட ஆள் நிறுத்தினார்; சற்று நேரத்தில் முன்னிலும் அத்துமீறித் தொட்டார். மறுபடியும் வேண்டாம் என்றார், மறுபடியும் அதே கதை. அந்தப் பெண் தன் அச்சத்தை வெளிக்காட்டவில்லை என்பதால் மறைமுகச் சம்மதம் இருந்ததாக விசாரணை நீதிபதி விடுவித்தார். அப்படியொரு சம்மதமே சட்டத்தில் இல்லையென்று உச்ச நீதிமன்றம் குற்றவாளியாகத் தீர்ப்பளித்தது.

முத்துவேல்:
பினோ இன்னும் ஒரு படி மேலே போகிறார் என்பதையும் நிலவன் கவனிக்க வேண்டும். அத்தகைய கவனிப்பற்ற உறவு பெண்ணுக்கு இன்பம் தராது, ஆகவே அவர் இசைந்திருக்க மாட்டார் என்று அனுமானிக்கலாம் என்கிறார். இன்பம் தராத ஒன்றுக்கும் ஒருவர் தெரிந்தே இசையலாமே? அந்தப் பெண்ணின் சொல்லுக்கு முன்னால் கோட்பாடு முந்திக்கொள்வது எனக்கு உவப்பில்லை. ஆனால் சமூக வழக்கத்தைக் காட்டி ஆணின் தவறான கணிப்பை நியாயமாக்க முயன்ற ஹூசாக், தாமஸ் என்ற அறிஞர்கள் இருவரின் 1992-ஆம் ஆண்டு மறுப்பு அதைவிடப் பலவீனமானது. அந்த வழக்கம்தானே இங்கே கேள்விக்குள்ளாகியிருக்கிறது. கனடாவின் சட்டம் அந்த அனுமானத்துக்குப் போகாமல் முயற்சி எடுத்தாரா என்று மட்டும் கேட்கிறது. ஐயத்துக்கு இடமின்றிக் குற்றத்தை மெய்ப்பிக்கும் சுமை அரசுத் தரப்பிடமே இருக்கிறது.