ரெட்ரோஆர்ச்ல மூணு டிஸ்க் கேம், சேவ் குழப்பம்

மக்களே, எமுலேட்டர் (பழைய கேம் மெஷினை கம்ப்யூட்டர்ல ஓட்டுற சாஃப்ட்வேர்) தெரிஞ்சவங்க கொஞ்சம் உதவுங்க. பழைய பிஎஸ்1 (முதல் ப்ளேஸ்டேஷன்) சிடியெல்லாம் ஃபைலா ரிப் பண்ணி, ரெட்ரோஆர்ச்ங்கிற எமுலேட்டர் ஆப்ல பீட்டில் கோர்ல (பிஎஸ்1 கேமை ஓட்டுற பகுதி) போட்டேன், பயாஸ் (மெஷினோட ஸ்டார்ட்அப் ஃபைல்) சிஸ்டம் ஃபோல்டர்ல இருக்கு, ஒத்தை டிஸ்க் கேமெல்லாம் ஜம்முனு ஓடுது, ஆனா ஃபைனல் ஃபேன்டஸி 7 மூணு டிஸ்க்கா, ப்ளேலிஸ்ட்ல மூணு கேமா நிக்குது, ரெண்டாவதை நேரா திறந்தா சேவே காணோம்! ஃபைல் பேரை வச்சு தனித்தனி மெமரி கார்டு போட்டுக்குது போல. எம்3யூ ஃபைல் (டிஸ்க் பட்டியல் போடுற டெக்ஸ்ட் ஃபைல்) எழுதி மூணு டிஸ்க் பேரையும் வரிசையா போட்டா ஒண்ணாயிடும்னு படிச்சேன். அப்படி பண்ணா இப்ப இருக்கிற எஸ்ஆர்எம் ஃபைலை (மெமரி கார்டு சேவ் இருக்கிறது) அந்த எம்3யூ பேருக்கு ரீநேம் பண்ணாலே போதுமா? அப்புறம் இடம் மிச்சம் பண்றதுக்காக, ரிப் பண்ண .bin, .cue ஃபைல் எல்லாத்தையும் சிஹெச்டியா (சுருக்கின டிஸ்க் ஃபைல்) மாத்தலாம்னு இருக்கேன் (ஹார்ட்டிஸ்க் பிதுங்குது), அதை முதல்ல பண்ணணுமா, எம்3யூ முதல்லயா? சேவ் ஸ்டேட் (கேமை அந்த நொடியிலேயே அப்படியே சேமிக்கிற எமுலேட்டர் வசதி) வேண்டாம், கோர் அப்டேட் ஆனா அதை நம்ப முடியாது.